மல்லி என்றால் எந்த மல்லி? – தோட்டம் கேள்வி பதில்

தங்கச்சிமடத்தில் பரம்பரையாக மல்லிகை நாற்றங்கால் நடத்திவரும் நம் தோட்ட ஆலோசகர் வாசகர்களின் கேள்விகளுக்குப் பதில் அளிக்கிறார். ஒரே பெயரில் அழைக்கப்படும் வெவ்வேறு பூச்செடிகளைப் பற்றி வந்த கடிதங்கள் இந்த இதழில் இடம்பெறுகின்றன.

கேள்வி: சந்தையில் மல்லி நாற்று என்று ஒரே கட்டாக வாங்கி வேலியோரம் நட்டோம். ஆண்டுதோறும் கார்த்திகையில் எல்லாச் செடிகளையும் ஒன்றாகக் கவாத்து செய்கிறோம். சில செடிகள் கோடையில் அள்ளிக் கொடுக்கின்றன. சில செடிகளில் பெயருக்குத்தான் பூ. உரம் போதவில்லையா, அக்கா?
*– வாசகி, பனைக்குளம்*

உரத்தின் மேல் பழி போடாதீர்கள், அம்மா. நீங்கள் அனுப்பிய படங்களில் இலைகளைப் பார்த்தேன். உங்கள் வேலியில் இருப்பது ஒரு செடி அல்ல, மூன்று. குண்டுமல்லி, முல்லை, பிச்சி. மூன்றையும் கட்டிச் சரமாக்கிவிட்டால் கடைக்காரருக்கு எல்லாம் மல்லிதான். ஆனால் அரிவாளைக் கையில் எடுக்கும்போது மூன்றும் ஒன்றல்ல.

நாளைக் காலையில் ஒவ்வொரு செடியிலிருந்தும் ஒரு கொப்பை ஒடித்துத் திண்ணையில் பரப்பி வையுங்கள். குண்டுமல்லிக்குக் கணுவுக்கு இரண்டு இலைகள், எதிரெதிராக. ஒவ்வொன்றும் அகலமான தனி இலை. முல்லையில் இலை சிறியது. நடுவே ஒரு இலை பெரிதாகவும், அதன் காம்பின் அடியில் இரண்டு பக்கமும் காது வைத்தது போலப் பொடியாக இரண்டு சிற்றிலைகளும் இருக்கும். அந்தக் காதுகளைக் கண்டால் அது முல்லை, சந்தேகமே வேண்டாம். பிச்சியில் ஒரே காம்பில் ஐந்து, ஏழு, ஒன்பது என்று சிற்றிலைகள் வரிசையாக இருக்கும். மொட்டைத் திருப்பிப் பார்த்தால் வெளிப்புறத்தில் இளஞ்சிவப்பு ஓடியிருக்கும். ஜாதிமல்லி என்று பலர் சொல்வது இதைத்தான்.

இப்போது கவாத்துக்கு வருவோம். குண்டுமல்லிக்கு நவம்பர் கடைசி வாரம், பிச்சிக்கு டிசம்பர் கடைசி வாரம், முல்லைக்கு ஜனவரி கடைசி வாரம். நம் கணக்கில் சொன்னால் கார்த்திகை நடு, மார்கழி நடு, தை நடு. வெட்டிய இடத்துக்குக் கீழிருந்து வரும் புதுத் தளிரில்தான் மல்லிகை இனங்கள் பூக்கும். அந்தத் தளிர் எந்தப் பருவத்தில் கிளம்புகிறது என்பதை வைத்துத்தான் பூவும் அமையும். நீங்கள் முல்லையைக் கார்த்திகையிலேயே வெட்டிவிடுகிறீர்கள். அது மழையிலும் வாடையிலும் இலை விட்டே தன் தெம்பைச் செலவழித்துவிடுகிறது. வருகிற கார்த்திகையில் குண்டுமல்லியை மட்டும் தரையிலிருந்து 50 செ.மீ. உயரம் விட்டு வெட்டுங்கள். காய்ந்த கொப்பு, நோய் தாக்கிய கொப்பு எதையும் மிச்சம் வைக்காதீர்கள். நம் கரையில் அந்த வாரம் அடைமழை பிடித்திருந்தால், இரண்டு நாள் வெயில் கிடைக்கும்வரை காத்திருந்து வெட்டலாம். ஈரத்தில் வெட்டிய காயம் ஆறாது.

இன்னொன்றும் கண்ணில் பட்டது. ஒரு குண்டுமல்லியில் இலை வெளுத்து, நரம்பு மட்டும் பச்சையாக நிற்கிறது. அது இரும்புச் சத்துக் குறை. உப்புத் தண்ணீர் பாயும் சுண்ணாம்பு மணலில் அடிக்கடி வரும். அன்னபேதி உப்பை (ஃபெரஸ் சல்பேட்) லிட்டருக்கு 5 கிராம் கரைத்து, மாதம் ஒரு முறை மாலையில் இலையில் தெளியுங்கள். பச்சை திரும்பியதும் நிறுத்திவிடலாம்.

நாற்று வாங்கும் விதத்தையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இது எங்கள் தொழில். தங்கச்சிமடத்து மணலில் குச்சியை நெருக்கி ஊன்றி, வேர் பிடித்ததும் பிடுங்கிக் கட்டுகிறோம். மணலில் வளர்ந்த வேர் அறுபடாமல் வரும். மதுரைப் பக்கத்துத் தோட்டங்களுக்கும் வெளிமாநிலங்களுக்கும் இந்தக் கட்டுகள் போகின்றன. 2013-ல் புவிசார் குறியீடு பெற்ற மதுரை மல்லியைப் பற்றிப் பேசும் ஒவ்வொருவரும் ராமநாதபுரம் குண்டுமல்லி என்ற பெயரையும் அறிந்திருக்க வேண்டும் என்று நான் ஆசைப்படுகிறேன். நல்ல நாற்றுக்காரர் இலை தெரியும்படிதான் கட்டுவார். தழையைக் கழித்துவிட்டு வெறும் குச்சியாகக் கட்டியிருந்தால் அந்தக் கட்டை வாங்காதீர்கள்.

கேள்வி: புது வீட்டு வாசலில் மரமல்லி வைக்க ஆசை. மல்லிகை வளரும் ஊரில் மரமல்லியும் வளரும்தானே?
*– வாசகர், மண்டபம்*

மரமல்லி மல்லிகைக்கு உறவே இல்லாத மரம். நெடுநெடுவென்று உயர்ந்து, நீண்ட வெள்ளைக் குழல் பூக்களை இரவில் உதிர்க்கும். வாசனை அருமையாக இருக்கும். ஆனால் அதன் கட்டை நொறுங்கும் தன்மை உடையது. பலமான காற்றில் கிளை முறிந்து விழும். கச்சான் காற்றும் வாடைக் காற்றும் மாறி மாறி அடிக்கும் மண்டபத்தில், வாசலை ஒட்டி அதை வைக்க நான் சொல்ல மாட்டேன். கொல்லையில் விலகி இடம் இருந்தால் வையுங்கள்.

வாசலுக்குப் பவழமல்லி வைக்கலாம். இதுவும் நேரடி மல்லிகை இனம் அல்ல, ஆனால் மல்லிகைக் குடும்பத்தைச் சேர்ந்ததுதான். மாலையில் விரிந்து விடியலில் உதிரும். காம்பு ஆரஞ்சு நிறம். முன்பு அந்தக் காம்பைக் காயவைத்துத் துணிக்குச் சாயம் ஏற்றுவார்கள். கடல் காற்று நேராக முகத்தில் அடிக்காதபடி சுவரின் மறைவில் நடுங்கள்.

கேள்வி: மந்தாரை வேண்டும் என்று கேட்டேன். ஒரு நர்சரியில் பால் வடியும் தடித்த குச்சியைக் கொடுத்தார்கள். இன்னொரு இடத்தில் மிளகு போன்ற விதையைக் கொடுத்தார்கள். யார் ஏமாற்றுகிறார்கள்?
*– வாசகர், தேவிபட்டினம்*

இரண்டு பேருமே ஏமாற்றவில்லை, தம்பி. நீங்கள் கேட்ட பெயரில் மூன்று செடிகள் இருக்கின்றன. மூன்றும் மூன்று வெவ்வேறு குடும்பங்கள்.

நீங்கள் தேடுவது வெறும் மந்தாரை என்று நினைக்கிறேன். அவரைக் குடும்பத்து மரம். இலை நுனியில் நடுவே பிளந்து ஆட்டுக்குளம்பு போல இருக்கும். பூ வெள்ளையாகவோ செந்நீலமாகவோ இருக்கும். வெள்ளை மந்தாரை ஆள் உயரப் புதராக நிற்கும், சின்ன வீட்டுக்கு அதுவே போதும்.

பால் வடியும் குச்சி கள்ளிமந்தாரை. அரளிக் குடும்பம். வெப்பமண்டல அமெரிக்காவிலிருந்து வந்தது. வறண்ட காலத்தில் இலையைக் கொட்டிவிட்டு மொட்டையாக நிற்கும். செத்துவிட்டது என்று வெட்டிவிடாதீர்கள். உப்புக் காற்றையும் வறட்சியையும் தாங்குவதில் நம் கரைக்கு இதைவிடப் பொருத்தமான பூமரம் குறைவு. குச்சியை வெட்டியவுடன் நடக் கூடாது. பால் காய்ந்து வெட்டுவாய் வறண்ட பிறகு மணலில் ஊன்றினால் அழுகாது.

மிளகு போன்ற விதை அந்திமந்தாரை. அந்திமல்லி என்பதும் இதுவே. எனக்கு மிகவும் பிடித்த செடி என்பதால் இதைப் பற்றிக் கொஞ்சம் கூடுதலாக எழுதுகிறேன். மாலை நான்கு மணிக்கு மேல் இதன் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். முறுக்கிய மொட்டு மெல்லப் பிரிந்து குழலாக விரியும். ஒரே செடியில் மஞ்சள் பூவும் சிவப்புப் பூவும் இருக்கும். ஒரே பூவில் பாதி மஞ்சளும் பாதி சிவப்புமாகக் கோடு விழுந்திருப்பதும் உண்டு. நாம் இதழ் என்று நினைப்பது உண்மையில் இதழே அல்ல. நிறம் ஏறிய புல்லிவட்டம் அது. அதன் அடியில் பச்சையாகத் தெரிவதும் புல்லி அல்ல, பூவடிச் செதில்கள்தான். காலையில் பூ வாடிய பிறகு அந்தப் பச்சைக் கிண்ணத்தில் ஒற்றை விதை உட்கார்ந்திருக்கும். முதலில் பச்சை, பிறகு கரிக்கட்டை நிறம். உடைத்தால் உள்ளே வெள்ளை மாவு. குழந்தைகள் அதை மாவாக அரைத்து விளையாடுவார்கள். விளையாடட்டும், ஆனால் வாயில் வைக்கக் கூடாது. விதையும் கிழங்கும் வயிற்றைக் கெடுக்கும்.

கேள்வி: பக்கத்து வீட்டில் மஞ்சள் அரளி மதில் தாண்டி எங்கள் முற்றத்தில் காய் உதிர்க்கிறது. எனக்கு இரண்டு வயதுப் பிள்ளை. சாமிக்குப் போடும் பூதானே, ஒன்றும் ஆகாது என்கிறார்கள்.
*– வாசகி, கீழக்கரை*

அம்மா, இந்தப் பக்கத்தில் எதைப் படிக்காவிட்டாலும் இதைப் படியுங்கள். அந்தக் காய் கொடிய விஷம். இன்றே பொறுக்கி எடுத்துப் புதைத்துவிடுங்கள். பக்கத்து வீட்டாரிடம் நேரில் பேசி, உங்கள் பக்கம் நீண்டிருக்கும் கொப்பை வெட்டச் சொல்லுங்கள். மனத்தாங்கல் வந்தாலும் பரவாயில்லை.

அரளி என்று நாம் சொல்வதில் முக்கியமானவை இரண்டு. செவ்வரளியும் வெள்ளரளியும் ஒரே இனம். தடித்து நீண்ட இலை கணுவுக்கு மூன்றாகச் சுற்றி நிற்கும். காய் குச்சி போல நீளமாக இருக்கும். பஞ்சு ஒட்டிய விதை பறக்கும். நான்குவழிச் சாலைகளின் நடுவில் வரிசையாக வைத்திருப்பது இதைத்தான். தண்ணீர் இல்லாமலும் நிற்கும், ஆடும் கடிக்காது. மஞ்சள் அரளி வேறு இனம். இலை இன்னும் ஒடுங்கி, ஒன்று விட்டு ஒன்றாக ஏறும். கிள்ளினால் பால் கொட்டும். பூ மணி போலக் கவிழ்ந்திருக்கும். காய் உருண்டையாக, நடுவில் ஒரு மேடு ஓடி, பச்சையிலிருந்து கறுப்பாகும். பிள்ளைகள் கையில் எடுக்கத் தூண்டும் அளவும் வடிவமும் அதற்கு உண்டு. ஆபத்தே அதில்தான்.

இரண்டிலும் வேர், பட்டை, இலை, பூ, விதை எல்லாமே விஷம். இரண்டும் இதயத்தைத் தாக்கும். துடிப்பு குறைந்து தாறுமாறாகும். பிள்ளை கடித்துவிட்டது என்று சந்தேகம் வந்தாலே போதும், உப்புத் தண்ணீர், புளித் தண்ணீர், கைவைத்தியம் எதுவும் வேண்டாம். வாந்தி எடுக்கவைக்கவும் முயல வேண்டாம். 108-ஐ அழைத்து மருத்துவமனைக்குப் போங்கள். போகும்போது அந்தச் செடியின் இலையோடும் காயோடும் ஒரு கொப்பை ஒடித்துப் பையில் போட்டு எடுத்துச் செல்லுங்கள். அரளி என்று வாயால் சொன்னால் மருத்துவருக்கு எந்த அரளி என்று புரியாது. கொப்பைக் காட்டினால் ஒரு நொடியில் புரியும்.

அரளி விறகை அடுப்பில் வைக்காதீர்கள், அதன் புகையும் ஆகாது. பூப்பறித்த கையைச் சோப்பு போட்டுக் கழுவுங்கள். செடியையே வெறுக்க வேண்டியதில்லை. எங்கள் நாற்றங்காலிலும் செவ்வரளி விற்கிறோம். சிறு பிள்ளை இருக்கும் வீட்டுக்கு என்று தெரிந்தால் கொடுப்பதில்லை, பிள்ளை வளர்ந்த பிறகு வாருங்கள் என்று அனுப்பிவிடுகிறோம்.

கேள்வி: எங்கள் வீட்டு மொட்டை மாடியில் ரோஜா நிற்பதே இல்லை. உப்புக் காற்றில் கருகிவிடுகிறது. பாலைவன ரோஜா என்று ஒன்று இருக்கிறதாமே, அதுவாவது வருமா?
*– வாசகி, ராமேஸ்வரம்*

வரும், நன்றாகவே வரும். ஆனால் அது ரோஜா அல்ல. கடையில் அடினியம் என்று கேளுங்கள். அரேபியாவிலும் கிழக்கு ஆப்பிரிக்காவிலும் வறண்ட நிலத்தில் வளர்வது. அடி பருத்து அதில் தண்ணீரைச் சேர்த்து வைத்திருக்கும். தினமும் தண்ணீர் ஊற்றினால் அந்தப் பருத்த அடிதான் முதலில் அழுகும். மண் முழுக்கக் காய்ந்த பிறகு ஊற்றுங்கள். ஐப்பசி, கார்த்திகை மழையில் கூரைக்குக் கீழே நகர்த்துங்கள். இதுவும் அரளிக் குடும்பம். ஆப்பிரிக்காவில் அம்பு முனையில் தடவிய விஷம் இதன் பாலிலிருந்தும் எடுக்கப்பட்டது. ஆகவே கிளை வெட்டும்போது கையுறை போடுங்கள்.

டேபிள் ரோஸ் என்று கேட்டு வாங்கும் பத்துமணிப்பூவும் ரோஜா அல்ல, அது பசலிக்கீரை போலச் சாறுள்ள தண்டு கொண்ட தரைச்செடி. வெயில் ஏறினால்தான் பூ விரியும். உங்கள் மாடிக்கு இதைவிட எளிதானது எதுவும் இல்லை. ஒரு விரல் நீளத் தண்டைக் கிள்ளி மணலில் செருகினால் போதும்.

கேள்வி: நீல நிறத் தேநீர் போடக் காக்கட்டான் செடி கேட்டு வாங்கினேன். வெள்ளைப் பூவாகப் பூக்கிறது. வெள்ளையிலும் அந்தத் தேநீர் வருமா?
*– வாசகர், உச்சிப்புளி*

வேண்டாம், அதைக் கொதிக்க வைக்காதீர்கள். பூச்சந்தையில் காக்கட்டான் என்றால் மல்லிகை இனத்தில் ஒன்று. வாசனை குறைவு, ஆனால் குளிர்காலத்தில் குண்டுமல்லி வரத்து இல்லாதபோது சரத்தை நிரப்புவது இதுதான். சித்த மருந்துக் கடையில் காக்கணம், காக்கட்டான், காக்கரட்டான் என்றால் சங்குப்பூக் கொடி. உங்களுக்கு வேண்டியது இரண்டாவது.

சங்குப்பூ அவரைக் குடும்பம். தட்டையான காயிலிருந்து விதை எடுத்து, ஓர் இரவு ஊறவைத்து விதைத்தால் வேலி முழுதும் ஏறிவிடும். மணல், உப்பு, வறட்சி மூன்றையும் பொறுத்துக்கொள்ளும். பூவின் நீலச் சாற்றில் எலுமிச்சை பிழிந்தால் ஊதாவாக மாறும், பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். பூவை மட்டும் எடுங்கள். வேரும் விதையும் பேதிக்கான மருந்துச் சரக்குகள், தேநீருக்கு ஆகாது.

கேள்வி: என் அப்பாவுக்குச் சர்க்கரை நோய். சுடுகாட்டு மல்லிப் பூவைக் காய்ச்சிக் குடித்தால் குறையும் என்று உறவினர் சொல்கிறார். கொடுக்கலாமா?
*– வாசகர், சாயல்குடி*

கொடுக்காதீர்கள், தம்பி. நீங்கள் சொல்வது நித்தியகல்யாணி. மல்லி என்று பெயர் சேர்ந்திருப்பதாலேயே தீங்கில்லாத பூ என்று பலர் நம்பிவிடுகிறார்கள். பிறந்த இடம் மடகாஸ்கர். நம் கரையில் கல்லறை மேட்டிலும் மணல் மேட்டிலும் தானாகவே பூக்கும். உங்கள் பகுதி போன்ற வறண்ட தென்மாவட்டங்களில் இலைக்காகவும் வேருக்காகவும் பயிர் செய்கிறார்கள். அந்தப் பயிர் எதற்குப் போகிறது என்பதைத்தான் நீங்கள் உறவினரிடம் சொல்ல வேண்டும்.

1950-களில் கனடாவில் ஆய்வாளர்கள் இந்தச் செடியை எடுத்ததே, சர்க்கரைக்கு நாட்டு மருந்து என்று கேள்விப்பட்டுத்தான். சோதனை விலங்குகளுக்குக் கொடுத்தார்கள். சர்க்கரை குறையவில்லை. இரத்தத்தின் வெள்ளணுக்கள் சரிந்தன. அந்தத் தடயத்தைப் பிடித்துப் போனதில்தான் வின்பிளாஸ்டின் கிடைத்தது. பின்னர் வின்கிறிஸ்டினும் வந்தது. இரண்டும் இன்றும் இரத்தப் புற்றுநோய் உள்ளிட்டவற்றுக்குத் தரப்படும் மருந்துகள். மருத்துவர் இரத்தப் பரிசோதனை பார்த்துப் பார்த்து அளந்து ஏற்றுவது அது. வீட்டு அடுப்பில் கைப்பிடிப் பூவைக் காய்ச்சி அளக்க முடியாது. அப்பா ஏற்கெனவே குடித்திருந்தால் மறைக்காமல் மருத்துவரிடம் சொல்லுங்கள். செடி வாசலில் அழகாகப் பூத்துக்கொண்டே இருக்கட்டும்.

கேள்வி: சாமந்தியும் துலுக்கச் சாமந்தியும் ஒன்றா?
*– வாசகி, திருப்புல்லாணி*

இரண்டும் ஒரே பெருங்குடும்பம், ஆனால் வேறு இனங்கள். துலுக்கச் சாமந்தி, கேந்தி, செண்டுமல்லி மூன்றும் மெக்சிகோவிலிருந்து வந்த ஒரே செடி. விதைத்து இரண்டு மாதத்தில் பூக்கும். சாமந்தி, அதாவது செவந்தி, இரவு நீளும் பருவத்தில்தான் மொட்டு வைக்கும். அதனால் செவந்தித் தொட்டியைத் தெருவிளக்கு வெளிச்சம் படும் இடத்தில் வைக்காதீர்கள். மாலையில் விளக்கு எரிந்தால் அதற்குப் பொழுது சாயவில்லை, மொட்டு தள்ளிப்போகும்.

கேள்வி: கடற்கரை மணலில் கொத்தாக வெள்ளைப் பூப் பூக்கும் கிழங்குச் செடியை லில்லி என்கிறார்கள். வீட்டுக்குக் கொண்டுவரலாமா? மழைலில்லியும் அதுவும் ஒன்றா?
*– வாசகர், தொண்டி*

நீங்கள் அனுப்பிய படத்தில் இருப்பது விஷமூங்கில். வாள் போல அகன்ற நீள இலை, நடுவில் தண்டு, உச்சியில் ஒடுங்கிய இதழ்களோடு வெள்ளைப் பூக்கள். மழைலில்லி சாண் உயரச் செடி, மழை பெய்த சில நாளில் தண்டுக்கு ஒரு பூ. இரண்டும் ஒரே குடும்பம், இனம் வேறு. இரண்டின் கிழங்கும் வெங்காயம் போல இருக்கும். இரண்டும் நச்சு.

கடற்கரையில் நிற்பதைப் பிடுங்காதீர்கள். அடம்பங்கொடியும் இராவணன் மீசைப் புல்லும் அதுவும் சேர்ந்துதான் அந்த மணல் மேட்டைப் பிடித்து வைத்திருக்கின்றன. விஷமூங்கில் கன்று நர்சரிகளில் கிடைக்கும். வாங்கி, கிழங்கின் கழுத்து மண்ணுக்கு மேலே தெரியும்படி நடுங்கள். மழைலில்லிக் கிழங்கைத் தொட்டிக்கு ஏழெட்டாக நெருக்கி ஊன்றுங்கள். மிஞ்சிய கிழங்குகளைச் சமையலறையில் வெங்காயக் கூடைக்குப் பக்கத்தில் வைக்காமல், பெயர் எழுதிய டப்பாவில் போட்டுத் தோட்டத்துச் சாமான்களோடு வையுங்கள்.